சாக்குக் கூட்டில் ஒரு விரியன்

என் இடது கால் ஷூவின் மேல் ஏதோ ஏறி, அந்தப் பக்கம் இறங்கியது.

கனமாக இருந்தது. ஓணானாக இருந்தால் குடுகுடுவென்று ஓடியிருக்கும். எலியாக இருந்தால் நின்று மோந்து பார்த்திருக்கும். இது எந்த அவசரமும் இல்லாமல், நனைந்த துண்டை யாரோ மெல்ல இழுப்பதுபோல் போய்க்கொண்டே இருந்தது. முடிகிற வழியாகத் தெரியவில்லை.

கண்ணைக் கேமராவிலிருந்து எடுக்காமலே எனக்குத் தெரிந்துவிட்டது. இருந்தாலும் மனம் கேட்குமா? கழுத்தை அங்குலம் அங்குலமாகத் திருப்பிப் பார்த்தேன்.

கண்ணாடி விரியன். தடித்த பழுப்பு உடம்பு. முதுகில் சங்கிலிபோல் கோத்த கறுப்பு வட்டங்கள். நான் உட்கார்ந்திருந்த முக்காலிக்குப் பின்னால், பையை ஒட்டி, சாக்குத் துணியின் அடியோரத்தில் நிழல் பார்த்துச் சுருண்டுகொண்டது. சுருண்டபின் ஒருமுறை சீறியது. குக்கரில் விசில் வருவதற்கு முன்னால் ஆவி அடைத்துக்கொண்டு வருமே, அந்தச் சத்தம்.

நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டு வர மறுத்தது.

சென்ற வாரம் பள்ளிபாளையத்தில் தறி குடோனுக்குள் குடியிருந்த கூகைக் குடும்பத்தைப் பற்றி எழுதியிருந்தேன். ‘தனியாக உட்கார்ந்திருக்கப் பயமாக இருக்காதா?’ என்று ஒரு வாசகி கேட்டிருக்கிறார். கூகைகளிடம் எனக்குப் பயமில்லை, அம்மா. நான் பயந்த கதை வேறு. அதை எழுதாமல் தள்ளிப்போட்டுக்கொண்டே வந்தேன். இந்த வாரம் எழுதிவிடுகிறேன்.

அம்மணிப் பொட்டி

ராசிபுரத்திலிருந்து நாமக்கல் போகும் வழியில், ரோட்டைவிட்டு உள்ளே தள்ளி ஒரு மானாவாரிக் காடு. எங்கள் பக்கத்தில் விளைநிலத்தையும் காடு என்றுதான் சொல்வோம். புலி கரடி தேடி வந்துவிடாதீர்கள். ஒரு பக்கம் மரவள்ளிக்கிழங்கு ஆள் உயரத்துக்கு நின்றது. மறுபக்கம் உழாமல் விட்ட கரட்டு நிலம். அந்தக் கரட்டில், கூழாங்கற்களோடு கூழாங்கற்களாக, ஒரு ஜோடி மஞ்சள் மூக்கு ஆட்காட்டிகள் நான்கு முட்டைகள் இட்டிருந்தன.

கூடு கிடையாது. வெறும் தரை. கத்திரி வெயிலில் அந்தத் தரையில் வெறுங்காலை வைக்க முடியாது. தாய்ப்பறவை தூரத்துக் குட்டைக்குப் போய் வயிற்று இறகை நனைத்துக்கொண்டு வரும். முட்டைகளின் மேல் உட்கார்ந்து அவற்றைக் குளிர வைக்கும். உச்சிவெயிலில் அது அதிக நேரம் எழுந்து போனால் உள்ளே இருக்கும் குஞ்சு வெந்துவிடும். இதைப் படம்பிடிக்கத்தான் நான் போயிருந்தேன்.

பறவைக்கு என்னைத் தெரியக் கூடாது. அதனால் நான்கு மூங்கில் நட்டு, கோழித் தீவனச் சாக்குகளைப் பிரித்துத் தைத்து, நான்கு பக்கமும் மூடி ஒரு கூடு கட்டிக்கொண்டேன். முன்பக்கம் லென்ஸுக்கு ஒரு ஓட்டை. பின்பக்கம் துணியின் அடி தரையோடு கட்டாமல் தொங்கும். உள்ளே ஒரு முக்காலி, கேமரா, பை, நான். அவ்வளவுதான் இடம். என்னை அம்மணி என்று கூப்பிடும் ஊர்க்காரர்கள் அதற்கு ‘அம்மணிப் பொட்டி’ என்று பெயர் வைத்துவிட்டார்கள்.

நான் முதலில் அஸ்தம்பட்டியில் கல்யாண வீடியோ எடுத்துக்கொண்டிருந்தவள் என்பதை இந்தத் தொடரின் ஆரம்பத்திலேயே சொல்லியிருக்கிறேன். கல்யாணத்தில் எல்லாரையும் ஏவ வேண்டும். ‘இங்க பாருங்க, மாலையை இன்னொரு தடவை போடுங்க, மாமா கொஞ்சம் சிரிங்க.’ அந்த ஏவல் பிடிக்காமல்தான் இந்த வேலைக்கு ஓடிவந்தேன். என் படங்களில் பின்னணிக் குரல் கிடையாது. பேட்டி கிடையாது. மனிதக் கை, நிழல், இருமல் எதுவும் உள்ளே வரக் கூடாது. நடப்பது நடக்கட்டும், நான் பார்த்துக்கொண்டிருப்பேன் என்பதுதான் என் கொள்கை. அந்தக் கொள்கையில் எனக்குக் கொஞ்சம் திமிரும் உண்டு.

நான் போட்ட சட்டங்கள்

அந்த நிலம் பாவாயி அக்காவுடையது. விடிந்ததும் கோழிப்பண்ணைக்கு முட்டை பொறுக்கப் போவார். திரும்பி வந்து சமைப்பார். வெயில் உச்சிக்கு ஏறும்போது எனக்கும் சோறு கொண்டுவந்து கொடுப்பார். நான் கேட்டுக்கொள்ளவில்லை. “எங்க காட்டுல வந்து பட்டினி கெடந்தீங்கன்னா எனக்குத் தூக்கம் வருமுங்களா?” என்று அவரே ஆரம்பித்தது.

ஏவுவது பிடிக்காது என்று சொன்னேன் அல்லவா? பாவாயி அக்காவுக்கு மட்டும் சட்டமாகப் போட்டுத் தள்ளினேன்.

தினமும் அதே அரக்குச் சேலை, தலையில் அதே வெள்ளைத் துண்டு. பறவைக்குப் பழகும். மரவள்ளி ஓரமாகவே பின்பக்கமாக வர வேண்டும். கூப்பிடக் கூடாது, நான் கூப்பிட்டால் ஒழியப் பேசக் கூடாது. சோற்றுத் தூக்குப்போசியைச் சாக்கின் அடியில் கைவிட்டு உள்ளே வைத்துவிட்டு வந்த வழியே போய்விட வேண்டும். வருகிற வழியில் ஆட்காட்டி கத்தினால், நின்ற இடத்திலேயே தரையோடு உட்கார்ந்துவிட வேண்டும். அது கத்தி ஓய்ந்து முட்டைக்குத் திரும்பும்வரை எழக் கூடாது.

“பள்ளிக்கோடத்துல கூட இத்தன சட்டமில்லீங்க” என்று சிரித்தார். ஆனால் ஒன்றைக்கூட மீறவில்லை.

முதலில் சில நாள் அவரைக் கண்டு பறவைகள் கத்தின. அவர் உட்கார்ந்தார், எழுந்தார், உட்கார்ந்தார். பிறகு அவை அவரைக் கண்டுகொள்வதை விட்டுவிட்டன. எனக்கு ஒரே பெருமை. சோறு வந்ததே எனக்குத் தெரியாது. சாக்கின் அடியில் ஒரு வளைக்கை நுழையும், போசியை வைக்கும், மறையும்.

அந்தக் கை நுழையும் இடத்தில்தான் இப்போது விரியன் சுருண்டு கிடந்தது.

ஆஸ்பத்திரியில் பார்த்த கை

என் அம்மா ஒரு ஆஸ்பத்திரியில் நர்ஸாக இருந்தார். பள்ளி விட்டதும் நான் அங்கேதான் போய் உட்கார்ந்திருப்பேன். ஒருநாள் ஆத்தூர்ப் பக்கத்திலிருந்து ஒரு பெண்ணைக் கொண்டுவந்தார்கள். கடலைக்கொடி பிடுங்கும்போது கொடியோடு சேர்த்து விரியனைப் பிடித்துவிட்டார். நான் வராந்தாவில் வாய்ப்பாடு எழுதிக்கொண்டிருந்தேன். ஸ்ட்ரெச்சரிலிருந்து அந்தக் கை மட்டும் வெளியே தொங்கியது. முழங்கை வரை வீங்கி, தோல் பளபளவென்று இழுத்துக்கொண்டு, வளையல்கள் சதைக்குள் புதைந்து கிடந்தன. ஈறிலிருந்து ரத்தம் கசிந்தது.

அவர் பிழைத்தாரா என்று நான் அம்மாவிடம் கேட்கவே இல்லை. கேட்காததால் இன்றுவரை தெரியாது.

இப்போது ஃபேர்லேண்ட்ஸ் வீட்டில் ஓய்வாக இருக்கும் அம்மா, நான் வெளியூரில் இருந்தால் தினமும் போனில் அழைப்பார். “இன்னைக்கு எந்தப் பொந்துல உக்காந்திருக்க? பூச்சி பொட்டு பாத்து உக்காருடி” என்பார். “சரிம்மா சரிம்மா” என்று வைத்துவிடுவேன். அன்று காலையும் அப்படித்தான் வைத்திருந்தேன்.

கூப்பிட்டால் வந்துவிடுவார்

போன் பையில் இருந்தது. பையின் மேல் விரியனின் தாடை சாய்ந்திருந்தது.

கத்திவிடலாமே என்று நீங்கள் நினைக்கலாம். பாம்புக்கு நம் குரல் பெரிதாகக் கேட்காது, கால் அதிர்வுதான் தெரியும் என்பது எனக்கும் தெரியும். ஆனால் அதற்கு முந்தைய வாரம் ஒரு குளவி கழுத்தில் கொட்டி, ‘ஐயோ’ என்று கத்திவிட்டேன். கிணற்று மேட்டில் துணி துவைத்துக்கொண்டிருந்த பாவாயி அக்கா ஓடோடி வந்தார். ஒரே இழுப்பில் பின்துணியைத் தூக்கித் தலையை உள்ளே விட்டு, “என்னாச்சுங்க அம்மணி?” என்றார். அன்று அதைச் சொல்லிச் சொல்லி இருவரும் சிரித்தோம்.

இப்போது நான் கத்தினால் அதையேதான் செய்வார். அம்மணிக்கு ஏதோ ஆகிவிட்டதென்று ஓடிவந்து துணியைத் தூக்குவார். கைக்குப் பதிலாக முகத்தைக் கொடுப்பார்.

கத்தாமல் இருந்தாலோ, கை வரும்.

‘வராதீங்க’ என்று சொல்லலாம் என்று வாயைத் திறந்தேன். காற்றுதான் வந்தது. எத்தனையோ வருடமாகக் கூட்டுக்குள் இருமலைக்கூட விழுங்கிப் பழகிய தொண்டை. வேண்டும்போது வேலை செய்யவில்லை. இன்னொரு முறை முயன்றேன். பக்கத்தில் இருந்தவருக்குக்கூடக் கேட்டிருக்காது.

சாக்கின் அடியில் ஒரு கோடு வெளிச்சம் தெரியும். ஆள் வந்து நின்றால் அது கறுக்கும். நான் அந்தக் கோட்டையே பார்த்தேன். வெயில் உச்சிக்கு வந்துவிட்டது. வெளியே கற்களின் நிழல் முழுதாகச் சுருங்கிப் போயிருந்தது. அதாவது, சோறு வரும் நேரம். பாவாயி அக்கா எங்கே இருக்கிறார், வீட்டிலா, வழியிலா, சாக்குக்கு ஒரு அடி தள்ளியா? தெரிந்துகொள்ள வழியில்லை. சத்தமில்லாமல் பூனை மாதிரி வருவதற்கு நானேதான் பழக்கியிருந்தேன். பறவையும் அவரைக் கண்டு கத்தாது.

வியர்வை புருவத்தில் இறங்கிக் கண்ணை எரித்தது. துடைக்கப் பயம். என் இரண்டு முழங்கால்களும் தாமாக ஆட ஆரம்பித்தன. ஆடினால் தரை அதிரும். கைகளால் தொடையை அழுத்திப் பிடித்துக்கொண்டேன். அப்போதும் ஆடின.

கையை நீட்டினேன்

பறவை கத்தினால் அவர் உட்காருவார்.

இது எனக்குத் தோன்றியபோது அறிவாகத் தோன்றவில்லை. ஏதோ ஞாபகம் வந்ததுபோல் வந்தது. இடுப்புக்குக் கீழே எதையும் அசைக்காமல், லென்ஸுக்குப் பக்கத்தில் இருந்த இடைவெளி வழியாக வலது கையை வெளியே நீட்டினேன். முழங்கை வரை. ஆட்டினேன்.

இத்தனை நாளும் என் இமையைக்கூடப் பார்த்திராத தாய்ப்பறவை, முட்டைகளை விட்டுத் துள்ளி எழுந்தது. அதன் துணை எங்கிருந்தோ பறந்து வந்தது. இரண்டும் என் தலைக்கு மேலே வட்டமடித்துக் கத்தத் தொடங்கின.

கேமரா ஓடிக்கொண்டிருந்தது. காலியான தரை, நான்கு முட்டைகள், ஓரத்தில் ஆடும் ஒரு மனிதக் கை.

அவர் உட்கார்ந்துவிட்டாரா? அது எனக்குத் தெரியாது. உட்கார்ந்தால் சத்தம் போடக் கூடாது என்பதும் சட்டம்தானே. பதில் வராது. வெளிச்சக் கோடு கறுக்காமல் இருப்பதை மட்டும் வைத்து நம்ப வேண்டியதுதான். பறவைகள் களைத்துத் தரை இறங்கி முட்டையை நோக்கி நடந்துவரும். நான் மறுபடியும் கையை ஆட்டுவேன். மறுபடியும் எழுந்து கத்தும். முட்டைகளின் மேல் வெயில் நேராக விழுந்துகொண்டிருந்தது. மன்னித்துக்கொள் தாயே, மன்னித்துக்கொள் தாயே என்று மனதுக்குள் சொல்லிக்கொண்டே ஆட்டினேன். தோள் மரத்துப்போனது.

எவ்வளவு நேரம் என்று சொல்ல எனக்குத் தைரியமில்லை. கேமராவில் இருக்கிறது. நான் பார்த்துக் கணக்கிட்டதில்லை.

பிறகு பின்னால் சாக்கு உரசும் சத்தம். திரும்பினேன். சுருள் பிரிந்துகொண்டிருந்தது. தலை வெளிச்சக் கோட்டுக்கு அடியில் போய்விட்டது. உடம்பு பின்தொடர்ந்தது. கடைசியாக வாலும் போனது.

அப்பாடா என்று ஒரு மூச்சு விட்டேன். பாதிதான் விட்டிருப்பேன். அந்தப் பக்கம்தான் பாதை என்பது உறைத்தது. அந்தப் பாதையில் ஒரு மனுஷியைத் தரையோடு உட்கார வைத்திருக்கிறேன்.

பாதையில்

எப்படி வெளியே வந்தேன் என்று நினைவில்லை. முன்பக்கச் சாக்கைக் கிழித்திருக்கிறேன். பிறகு பார்த்தபோது நகக்கண்களில் ரத்தம். கூட்டைச் சுற்றி ஓடினேன்.

மரவள்ளி ஓரத்தில் பாவாயி அக்கா சம்மணமிட்டு உட்கார்ந்திருந்தார். அரக்குச் சேலை, வெள்ளைத் துண்டு, மடியில் தூக்குப்போசி. அவருடைய முழங்காலுக்கு ஒரு முழம் தள்ளி விரியன் போய்க்கொண்டிருந்தது. அவர் அதைப் பார்த்துக்கொண்டுதான் இருந்தார்.

“அக்கா!” என்றேன். இப்போது மட்டும் குரல் வந்தது.

அவர் தலையைத் திருப்பவில்லை. ஒரு கையை மட்டும் மெல்லத் தூக்கி, ஆள்காட்டி விரலை உதட்டில் வைத்தார். பேசாதே.

நான் அப்படியே நின்றேன். அது அவருடைய சேலை நுனியை ஒட்டி நகர்ந்து, மரவள்ளி நிழலுக்குள் போய், காய்ந்த இலைகளில் சரசரவென்று கேட்டு, பிறகு கேட்காமல் போனது.

“போயிருச்சுங்க” என்று அப்போதுதான் வாயைத் திறந்தார். அதுவும் கிசுகிசுப்பாக. “நீங்க எதுக்குங்க வெளிய வந்தீங்க? குருவி பாத்துருச்சு பாருங்க.”

“அக்கா, விரியன்! உங்க கால்கிட்ட வருது. எந்திரிச்சு ஓட வேண்டாமா?”

“ஆள்காட்டி கத்துதுங்களே அம்மணி. கத்துனா ஒக்காருன்னு நீங்கதானுங்க சொன்னீங்க.”

“அதுக்காக?”

“நான் எந்திரிச்சா அது முட்டைக்கு வருமுங்களா? இத்தன நாளா இந்தப் பொட்டிக்குள்ள வெந்து கெடக்கறீங்க. எங்காலு பட்டு எல்லாம் கெட்டுப்போச்சுன்னு ஆகக் கூடாதில்லீங்க.” பிறகு என்னை ஏற இறங்கப் பார்த்தார். “ஏஞ்சாமி, இப்பிடி நடுங்கறீங்க?”

பண்ணையில் கூண்டுக்கு அடியிலெல்லாம் கைவிட்டு முட்டை பொறுக்குபவர். பாம்பு கண்டால் எப்படி விலகுவது என்று அவருக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. என்னுடைய படத்துக்காக, என்னுடைய சட்டத்துக்காக, விலகாமல் உட்கார்ந்திருக்கிறார். விரியன் என் ஷூவில் ஏறியபோது வந்ததைவிடப் பெரிய பயம் எனக்கு அப்போதுதான் வந்தது. நான் சும்மா பார்த்துக்கொண்டிருப்பவள், யாரையும் ஏவாதவள் என்று எத்தனை பேட்டிகளில் பீற்றியிருப்பேன்!

அங்கேயே உட்கார்ந்து அழுதுவிட்டேன். உள்ளே நடந்ததையும், நான் கையை ஆட்டித்தான் பறவை கத்தியது என்பதையும் விக்கி விக்கிச் சொன்னேன். அவர் கேட்டுக்கொண்டார். சாக்கின் அடியில் நுழைந்திருக்கக்கூடிய தன் வலது கையை ஒருமுறை திருப்பிப் பார்த்துக்கொண்டார். அவ்வளவுதான். பிறகு என் தோளைப் பிடித்துத் தூக்கினார்.

“முட்டை வெயில்ல கெடக்குதுங்க. அழுகறத ஊட்டுக்குப் போயி அழுதுக்கலாம், எந்திரிங்க. நாம அக்கட்டப் போனாத்தான அது வரும்.”

கிணற்று மேட்டு வேப்பமரத்தடியில் போய் நின்றோம். தாய்ப்பறவை நேராக வரவில்லை. முதலில் குட்டைக்குப் போய் வயிற்றை நனைத்துக்கொண்டு வந்தது. தண்ணீர் சொட்ட முட்டைகளின் மேல் இறங்கி உட்கார்ந்தது. நான் கைகூப்பிவிட்டேன். அந்த வாரக் கடைசியில் மூன்று குஞ்சுகள் பொரிந்தன. நான்காவது பொரியவில்லை. வெயிலாலா, வேறு எதனாலா, எனக்குத் தெரியாது.

அன்று சாயங்காலமே பழைய சட்டங்களை எல்லாம் ரத்து செய்தேன். புதிதாக ஒன்றே ஒன்று: கிணற்று மேட்டிலிருந்தே குரல் கொடுத்துக்கொண்டு வர வேண்டும், நான் உள்ளேயிருந்து பதில் சொன்ன பிறகுதான் பக்கத்தில் வர வேண்டும். குரல் கொடுப்பதில் அவர் குறை வைப்பவரா? மறுநாள் உச்சிப்பொழுதில் காடே அதிர்ந்தது.

“அம்மணீ... வாரேனுங்க! சோத்தோட வாரேனுங்க!”

ஆட்காட்டிகள் பதறி எழுந்தன, கத்தின, திட்டின. ஆனால் ஓரிரு நாளில் அந்தக் குரலுக்கும் பழகிவிட்டன.

படத்தைத் தொகுக்கும்போது ஒலிப்பதிவுக்காரர், “மேடம், நல்ல ஷாட்ல பின்னாடி ஒரு அம்மா கத்துறாங்க. எடுத்துடவா?” என்று கேட்டார். என் படங்களில் மனிதக் குரலே இருக்கக் கூடாது என்பது அவருக்குப் பாடம். வேண்டாம், இருக்கட்டும் என்றேன். என் படங்களிலேயே மனிதக் குரல் கேட்பது அந்த ஒன்றில்தான்.

இப்போதும் கூட்டுக்குள் உட்காருகிறேன். வெயில் உச்சிக்கு ஏறியதும் என் இரண்டு கால்களும் தாமாக முக்காலியின் குறுக்குக் கட்டையில் ஏறிக்கொள்ளும். தூரத்தில் யாராவது சத்தம் போட்டுக்கொண்டு வருவது கேட்டால்தான் கீழே இறக்குவேன்.